பொருள்: புரொடக்‌ஷன் டிசைனர் – தமிழில்?

குழுவினருக்கு வணக்கம். ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் படங்களுக்குப் புரொடக்‌ஷன் டிசைனராக இருந்த யோஷிரோ முராகி பற்றிய திரைப்படக் கழகக் கையேடு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. அவரைத் ‘தயாரிப்பு வடிவமைப்பாளர்’ என்று எழுதினால், சோப்பு டப்பா வடிவமைப்பவரா என்கிறார் மெய்ப்புத் திருத்துபவர். நல்ல சொல் தாருங்கள்.
– செ.

‘கலை இயக்குநர்’ போதும் ஐயா. ஜப்பானியப் படங்களின் பெயர்ப்பட்டியலிலும் ‘பிஜுட்சு’தான், அதாவது கலை. ‘ககேமுஷா’, ‘ரான்’ ஆகிய இரு படங்களுக்கும் அவர் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது கலை இயக்கப் பிரிவில்தானே.
– மு.

இரண்டும் ஒன்றல்ல. 1939இல் ஹாலிவுட்டின் வில்லியம் கேமரன் மென்சீசுக்குப் ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற பட்டம் வந்ததே, நிறம் முதல் காட்சிக்கோணம் வரை மொத்தத் தோற்றத்தையும் வரைந்து வைத்ததால். கலை இயக்குநர் அவருக்குக் கீழே வரைபடம், தச்சு, செலவு பார்ப்பவர். என் பரிந்துரை: களப்புனைவர். நெடுநல்வாடையின் ‘புனையா ஓவியம்’ வண்ணம் தீட்டாத கோட்டோவியம் அல்லவா? அப்படியானால் புனைதல் என்பது வண்ணம் ஏற்றி முடிப்பது.
– க.

புனைவு இன்று பொய்க்கு அடுத்த வீடு. புனைகதை, புனைபெயர், புனைசுருட்டு! சிலம்பு ‘எழுகோல் அகலத்து எண்கோல் நீளத்து ஒருகோல் உயரத்து’ என்று அளவே தருகிறதே, ‘அரங்கமைப்பாளர்’ ஆகாதா?   
– இரா.

அரங்கு ஒருபக்கம் பார்க்கக் கட்டுவது. குரோசாவா ஒரே காட்சியைப் பல கேமராக்களில் எடுப்பார். அரங்குத் தட்டியின் பின்புறம் முட்டுக்கட்டையோடு நின்றால் ஏதாவதொரு கேமராவில் பதிந்துவிடும். தொலைவைக் கிட்டக் காட்டும் லென்ஸ் போட்டால் மரத்தின் ரேகைகூடத் தெரியும். ‘ரான்’ படத்தில் ஃபூஜி மலைச்சரிவில் கட்டிய கோட்டையை எரித்தார்கள். தீ வைத்தபின் மறுபடி எடுக்க வழியில்லை. நடிகர் இறங்கும் படிக்கட்டு, புகை போகும் திசை எல்லாம் கட்டும்போதே முடிவாகியிருக்க வேண்டும். அதனால் களம்தான் சரி.
– க.

‘யோஜிம்போ’ படத்துக்கு முராகி ஆஸ்கர் பரிந்துரை பெற்றது உடை வடிவமைப்பில். களத்தில் உடையை எங்கே மாட்டுவீர்கள்?
– மு.

உடுத்துவதும் புனைவதே! பூப்புனைதல் என்பதில்லையா?
– க.

நன்றி. மு.வும் நானும் ‘கலை இயக்குநர்’ பக்கம், மற்ற இரு சொற்களுக்கும் ஆளுக்கொரு வாக்குதான். அதையே போடுகிறேன், முதல் இடத்தில் மட்டும் ‘படத்தின் முழுத் தோற்றத்துக்கும் பொறுப்பானவர்’ என்று விளக்கம் இருக்கும்.
– செ.

விளக்கம் தேவைப்படும் சொல் எதற்கு? என் வாக்கு களப்புனைவருக்கே.
– க.