ஜான் பக்கனை இன்றைய இளைஞர்களுக்குப் பரிந்துரைக்கலாமா?

மலைப்பாதை:
கல்லூரியில் சேரப்போகும் தம்பி ஒருவன் விறுவிறுப்பான ஆங்கில நாவல் ஒன்று கேட்டான். தயங்காமல் ஜான் பக்கனின் 'முப்பத்தொன்பது படிகள்' என்றேன். 1915இல் வந்த சிறிய புத்தகம். செய்யாத கொலைக்காகப் போலீஸ் ஒரு பக்கம், ஜெர்மன் ஒற்றர்கள் மறுபக்கம் துரத்த, ஸ்காட்லாந்தின் காலோவே மலைவெளியில் ரிச்சர்ட் ஹானே ஓடுகிறான். தலைக்கு மேலே விமானம் வட்டமிட்டுத் தேடுகிறது. எடுத்தால் கீழே வைக்க முடியாது.

நூலகவாசி:
முதல் அத்தியாயத்திலேயே உலகின் சதிகளுக்கெல்லாம் யூதர்கள்தான் காரணம் என்று ஒரு பாத்திரம் விளக்கம் கொடுக்கிறது. அதைத் தாண்டினால் 1910இல் வந்த 'ப்ரெஸ்டர் ஜான்' இருக்கிறது. வெள்ளையரின் ஆட்சியை எதிர்த்துத் தென்னாப்பிரிக்கக் கறுப்பர்கள் எழுவதை அடக்கியாக வேண்டிய ஆபத்தாகவே காட்டும் நாவல் அது. பதினேழு வயதுப் பையனுக்கு இந்த ஆசிரியர்தான் கிடைத்தாரா?

மலைப்பாதை:
அந்தப் பேச்சு ஸ்கட்டர் என்ற பாத்திரத்துடையது. ஸ்கட்டருக்கு யூதர்கள் மீது கண்மூடித்தனமான வெறுப்பு உண்டு என்று பிற்பகுதியில் பிரிட்டிஷ் வெளியுறவுத் துறை அதிகாரி சர் வால்டர் சொல்லிவிடுகிறார். சதியின் வேர் வேறு இடத்தில் இருக்கிறது. 1916இல், போர் உச்சத்தில் இருந்தபோது வந்த 'கிரீன்மேன்டில்' நாவலையும் பாருங்கள். ஜெர்மன் காட்டில் காய்ச்சலோடு விழுந்து கிடக்கும் ஹானேயை ஓர் ஏழைப்பெண் தன் குடிசையில் வைத்துக் காப்பாற்றுகிறாள். அவள் கணவன் ரஷ்யப் போர்முனையில் இருக்கிறான். இப்படிப்பட்ட குடிசைகளை எரித்து யாருக்கு என்ன லாபம் என்று ஹானே யோசிக்கிறான். எதிரி நாட்டுத் தாயைப் பற்றி அந்த ஆண்டில் இப்படி எழுத நெஞ்சுரம் வேண்டும்.

கரிசல்வாசகன்:
இருவரும் அரசியலிலேயே நிற்கிறீர்கள். எழுத்தைப் பாருங்கள். 'முப்பத்தொன்பது படிகள்' நாவலில் ஹானே சாலைப் பணியாளாக வேடமிடும் இடம் ஒன்று போதும். முகத்தில் புழுதி பூசிக்கொள்கிறான், நகங்களைக் கடித்துப் பிளவுபடுத்துகிறான், பூட்ஸைக் கற்களில் உதைத்து உதைத்துத் தேய்க்கிறான். ஆனாலும் காரில் வந்தவன் அந்தப் பூட்ஸைத்தான் கவனிக்கிறான்: இது நாட்டுப்புறச் செருப்புத்தொழிலாளி தைத்தது இல்லையே! போன வருடம் வேட்டைக்கு வந்த கனவான் கொடுத்தது என்று ஹானே சமாளிக்கிறான். கடைசியில், சீட்டாட்டத்தின் நடுவே ஒருவனுடைய விரல்கள் முழங்காலில் தாளமிடுகின்றன. அதிலிருந்துதான் ஒற்றன் பிடிபடுகிறான். சின்னஞ்சிறு பழக்கத்தில் கதையின் முடிச்சை வைக்கத் தெரிந்தவர் பக்கன்.

நூலகவாசி:
திறமை இல்லாதவர் என்று நான் சொல்லவே இல்லை. திறமை இருப்பதால்தான் அஞ்சுகிறேன். 'ப்ரெஸ்டர் ஜான்' நாவலில் மிக உயர்ந்த மனிதன் யார்? எழுச்சியின் தலைவன் ஜான் லபுடா. குகைச் சடங்கில் அவன் பேசும்போது, ஒளிந்திருந்து கேட்கும் வெள்ளை இளைஞன் டேவிட் கிராஃபர்டே அவனைத் தலைவனாக ஏற்க ஏங்குகிறான். இவ்வளவு எழுதிவிட்டு, லபுடாவைப் பாதாள ஆற்றில் குதிக்க வைத்து, டேவிட்டின் கையில் புதையலைக் கொடுக்கிறார் ஆசிரியர். பொறுப்புணர்வுதான் வெள்ளையருக்கும் கறுப்பருக்கும் உள்ள வேறுபாடு என்று டேவிட் பாடம் வேறு சொல்கிறான். அந்த வரியை மறுக்க அந்த நாவலில் எந்த சர் வால்டரும் வரவில்லை.

இது வெறும் கற்பனை என்றும் தள்ள முடியாது. பக்கன் 1901 முதல் 1903 வரை தென்னாப்பிரிக்காவில் பிரிட்டிஷ் உயர் ஆணையர் மில்னர் பிரபுவின் செயலாளர். 1906இல் அந்நாட்டின் நேட்டால் பகுதியில் தலைவரியை எதிர்த்து பம்பாத்தா தலைமையில் ஜூலு இனக் கறுப்பர்கள் எழுந்தார்கள். அங்கே காயமடைந்த ஜூலுக்களுக்கு மருந்திட்டவர் காந்தி. அது போரே அல்ல, மனித வேட்டை என்று பின்னர் எழுதினார். நாவல் வந்தது அதற்கு நான்கு ஆண்டுகள் கழித்து. அந்த வேட்டையின் சாயல் அதில் எங்கே இருக்கிறது?

மலைப்பாதை:
நாவலின் முடிவில் கறுப்பின மக்களுக்கான கல்லூரி வருகிறது. அதன் முன்னே நிற்கும் சிலையின் முகம் லபுடாவின் முகம். தோற்றவனுக்கு இப்படி மரியாதை செய்த பேரரசு எழுத்தாளர்கள் எத்தனை பேர்?

நூலகவாசி:
செத்தவனுக்குச் சிலை. உயிரோடு இருந்தவர்களுக்கு 1913 நிலச் சட்டம். அதன்படி கறுப்பர்களுக்கு நாட்டின் நிலத்தில் ஏறக்குறைய 7 சதவீதம் மட்டுமே. 'கிரீன்மேன்டில்' வந்த அதே 1916இல், அந்தச் சட்டத்தால் மாடு கன்றுகளோடு சாலையில் அலைந்த குடும்பங்களைப் பற்றி தென்னாப்பிரிக்கக் கறுப்பின எழுத்தாளர் சால் ப்ளாட்ஜே ஒரு நூல் எழுதினார். தம்பிக்கு அதை முதலில் கொடுங்கள்.

மலைப்பாதை:
ப்ளாட்ஜேயைக் கட்டாயம் சேர்க்கிறேன். ஆனால் முதலில் ஹானேதான். படிக்கும் பழக்கமே இன்னும் வராத பையன் அவன். மலைவெளி ஓட்டம் அவனைப் பிடித்துக்கொள்ளட்டும். அடுத்தது 'ப்ரெஸ்டர் ஜான்', டேவிட் பாடம் சொல்லும் அந்தப் பக்கத்தோடு சேர்த்தே. பிறகு ப்ளாட்ஜே.

நூலகவாசி:
அந்த வரிசையை ஏற்க மாட்டேன். குகைக்குள் லபுடாவைப் பார்ப்பதற்கு முன்பே, அவன் எதற்காக எழுந்தான் என்று பையனுக்குத் தெரிந்திருக்க வேண்டும். பக்கன் அதைச் சொல்லித்தரமாட்டார்.