சத்தமில்லாமல் பார்த்த அலறல்

மரடோனா பற்றி நான் பார்த்த படங்களில் அந்தக் காட்சி எப்படியாவது வந்துவிடுகிறது. 1994 கால்பந்து உலகக் கோப்பை, அர்ஜென்டினாவுக்கு கிரீஸுடன் ஆட்டம். பெனால்டி பாக்ஸ் ஓரத்திலிருந்து இடது காலால் ஒரு அடி, பந்து மேல் மூலைக்குள். உடனே ஓரத்தில் இருந்த கேமராவை நோக்கி ஓடிவந்து கண் பிதுங்க, வாய் கிழியக் கத்துவார். அதற்குள் கோகெய்ன் கதையைச் சொல்லி முடித்திருப்பார்கள், அதனால் அந்த முகத்தைப் பார்த்ததுமே நமக்குப் போதை மட்டும்தான் தெரியும்.

நான் அதை நேரலையில் பார்த்தவன். பன்னிரண்டு வயது. வீட்டில் எல்லாரும் தூங்கியாச்சு, நானும் அண்ணனும் டிவி சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்துவிட்டு உட்கார்ந்திருந்தோம், ஆக அந்த அலறல் என் காதில் விழவே இல்லை, முகம் மட்டும்தான், கண்ணாடியை உடைத்துக்கொண்டு இந்தப் பக்கம் விழுந்துவிடுவார் போல. அண்ணன் தலையணையைக் கடித்துக்கொண்டு குதித்தான். "கிழவன் வந்துட்டான்டா!" (33 வயது ஆளைத்தான் சொல்கிறான்.)

நாலு நாள் கழித்து நைஜீரியா, 2-1 என்று அர்ஜென்டினா ஜெயித்தது. ஆட்டம் முடிந்ததும் வெள்ளை உடையில் ஒரு பெண் மைதானத்துக்குள்ளேயே வந்து அவர் கையைப் பிடித்து மருந்துச் சோதனைக்கு அழைத்துப் போனார். இவரும் சிரித்துக்கொண்டே போகிறார். பள்ளிக்கூடத்துக்குப் போகிற பையன் மாதிரி இருக்கிறது என்று நாங்களும் சிரித்தோம். அப்புறம்தான் எபெட்ரின் என்ற ஊக்கமருந்து சிக்கியது, 15 மாதத் தடை எல்லாம். அண்ணன் அன்று முழுக்க யாரிடமும் பேசவில்லை. எபெட்ரின் வேறு, கோகெய்ன் வேறு, சளி மருந்திலெல்லாம் இருந்த சரக்கு அது. 1991இல் நேப்பிள்ஸில் மாட்டியதுதான் கோகெய்ன். கேட்கிறவர்களுக்கு இரண்டும் ஒன்றாகிவிட்டது.

மரடோனா பற்றி ஆசிஃப் கபாடியா 2019இல் எடுத்த ஆவணப்படத்தை அண்ணனோடுதான் பார்த்தேன். 500 மணி நேரத்துக்கும் மேலான பழைய காட்சிகளிலிருந்து எடுத்தது. நல்ல படம், அதில் சந்தேகமே இல்லை. ஞாயிறு ஆட்டம், அன்று ராத்திரியே தொடங்கி புதன் வரை கூத்து, மிச்ச நாளில் ஓடி ஓடி வியர்வையாக எல்லாவற்றையும் வெளியேற்றி, மறுபடி ஞாயிறு. இப்படி உடம்பைப் பிழிந்துகொண்டு ஒருத்தர் நேப்பிள்ஸ் அணியான நபோலிக்கு இரண்டு முறை இத்தாலிய லீக் பட்டம் வாங்கிக் கொடுத்திருக்கிறார்! அவருடைய உடற்பயிற்சியாளர் சிக்னோரினி அதில் டியேகோ வேறு, மரடோனா வேறு என்று பிரித்துச் சொல்வார், டியேகோவோடு உலகத்தின் எல்லை வரை வருவாராம், மரடோனாவோடு ஓரடிகூட வைக்க மாட்டாராம். எனக்கு அதில் முழுச் சம்மதமில்லை. அன்று கேமராவுக்குள் கத்தியது இரண்டு பேரில் யார்?

படம் முடிந்ததும் அந்த கிரீஸ் கோலை யூடியூபில் தேடிப் போட்டோம். முதல் தடவை பார்த்தபோது எனக்கும் போதைதான் தெரிந்தது, பழைய முகம் வரவே இல்லை. அண்ணன் ஒன்றும் சொல்லவில்லை. சத்தத்தை முழுசாகக் குறைத்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து ஓடவிட்டான்.