அன்சாக் நாளில் எல்லைப் போர்களுக்கு இடம் உண்டா?

மெல்பர்ன் மணி:
ஆஸ்திரேலிய-நியூசிலாந்துப் படை (அன்சாக்) வீரர்களை நினைக்கும் அன்சாக் நாள் ஏப்ரல் 25. 2025-இல் அந்த நாள் விடியற்காலை, மெல்பர்ன் ஷ்ரைன் நினைவிடத்தில் பழங்குடி மூத்தவர் ஒருவர் வரவேற்புரை சொல்லும்போது நாஜிக் கும்பல் ஆட்கள் சிலர் கூச்சல் போட்டது நினைவிருக்கும். கேவலம், அதில் விவாதமே இல்லை. ஆனால் 1788 முதல் குடியேறிகளோடு நடந்த எல்லைப் போர்களில் செத்த பழங்குடியினரையும் அதே நாளில் நினைக்க வேண்டும் என்று நம் ஆட்களும் பேச ஆரம்பித்திருக்கிறார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை.

1915-இல் துருக்கியின் கலிப்போலியில் எட்டு மாதத்தில் 8,000-க்கும் மேற்பட்ட ஆஸ்திரேலியர்கள் செத்தார்கள். முதல் உலகப் போர் முழுவதிலும் உடலாக ஊர் திரும்பியவர் என்று பார்த்தால் தளபதி பிரிட்ஜஸ் ஒருவர்தான். மகனின் கல்லறையைப் பார்க்கவே வழியில்லாத வீடுகளுக்காகத்தான் இங்கே சின்ன ஊர்களில்கூட ஒரு நினைவுத் தூண் நிற்கிறது. அந்தத் துக்கத்தில் பிறந்த நாள் இது. எல்லாக் கணக்கையும் இதிலேயே தீர்க்கப் பார்க்க வேண்டாம்.

பாரமட்டா பாலா:
மணி அண்ணா, துக்கத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் இந்த நாள் கலிப்போலியோடு நின்றுவிட்டதா? கான்பெரா போர் நினைவகத்தின் வெண்கலப் பலகைகளைப் பாருங்கள். பெயருக்குப் பக்கத்து இடுக்கில் செருகிய சிவப்புப் பாப்பிப் பூக்கள் சுவர் முழுக்க இருக்கும். ஒரு லட்சத்துக்கும் மேல் பெயர்கள். அந்தப் பட்டியல் 1885-இல் சூடானுக்குப் போன படையிலிருந்து தொடங்குகிறது. அங்கே சண்டையில் ஒருவரும் சாகவில்லை, நோயில்தான் செத்தார்கள். பிரிட்டனுக்காகச் சூடானுக்குப் போய்க் காய்ச்சலில் செத்தவருக்கு இடம் உண்டு, சொந்த மண்ணுக்காக நின்று சுடப்பட்டவருக்கு இல்லை. இது என்ன நியாயம்?

மெல்பர்ன் மணி:
அது ஆஸ்திரேலியப் படைகளில் பணியாற்றியவர்களின் பட்டியல். வணிகக் கப்பல் மாலுமிகள்கூட அதில் கிடையாது, அவர்களுக்குத் தனிப் பதிவேடு. மாலுமிகளை அவமதித்துவிட்டார்கள் என்று யாராவது சொல்கிறோமா? நியூசிலாந்தைப் பாருங்கள், அன்சாக் என்ற பெயரில் பாதி அவர்கள்தானே. அந்நாட்டுப் பழங்குடி மாவோரிகளோடு நடந்த போர்களை நினைக்கப் பள்ளி மாணவர்கள் மனு கொடுத்து, அக்டோபர் 28-ஐத் தனி நாளாகவே வாங்கிவிட்டார்கள். இங்கேயும் அப்படிச் செய்யலாமே?

சுதா_பெர்த்:
அக்டோபர் 28 அங்கே விடுமுறைகூடக் கிடையாது சார். தனி நாள் கொடுப்பதில் இதுதான் சிக்கல். கொடுத்த மாதிரியும் இருக்கும், யார் கண்ணிலும் படாது.

இன்னொன்று. நியூ சவுத் வேல்ஸ் பப்களில் அன்று காசைச் சுண்டி ‘டூ-அப்’ சூதாட சட்டமே அனுமதிக்கிறது. சூதாட்டத்துக்கும் பீருக்கும் அந்த நாளில் இடம் இருக்கிறது, இதற்கு மட்டும் நெருக்கடியா?

மெல்பர்ன் மணி:
டூ-அப் அந்தச் சிப்பாய்களே ஆடிய ஆட்டம் அம்மா. விடியலில் அஞ்சலி, மதியம் தோழர்களோடு ஒரு கிளாஸ். செத்தவர்களுக்கு அது குறைவு என்று எனக்குத் தோன்றவில்லை.

பாரமட்டா பாலா:
டூ-அப்பை விடுங்கள். இரண்டும் வேறு வேறு வரலாறு என்கிறீர்களே, கோனிஸ்டன் என்ன கணக்கு? 1928, வடக்குப் பிரதேசம். பிரெட் புரூக்ஸ் என்ற வெள்ளைக்காரர் கொல்லப்பட்டதற்குப் பழிவாங்கப் போன குழு, அரசு ஒப்புக்கொண்ட கணக்கிலேயே 31 பழங்குடியினரைச் சுட்டது. பழங்குடியினர் சொல்லும் கணக்கு இதைவிட அதிகம். தலைமை தாங்கிய காவலர் ஜார்ஜ் மரே கலிப்போலியில் சண்டையிட்டவர். விசாரணை வைத்து, தற்காப்புக்காகச் சுட்டார்கள் என்று கோப்பை மூடினார்கள். விடியல் அஞ்சலியில் நாம் தலை குனியும் அந்தப் படையில் இருந்தவர்தான் மரே. அவர் சுட்டவர்களை நினைக்க மட்டும் வேறு தேதி பார்த்துக்கொள் என்றால் எப்படி?

அப்புறம், அதே உலகப் போரில் சண்டையிட்டுத் திரும்பிய பழங்குடிச் சிப்பாய்களில் பெரும்பாலோருக்கு, மற்ற வீரர்களுக்குக் கொடுத்த குடியேற்ற நிலம் கிடைக்கவில்லை.

மெல்பர்ன் மணி:
நிலம் கொடுக்காதது அநியாயம். அந்தச் சிப்பாய்கள் ஏப்ரல் 25-க்கு முழு உரிமையுள்ளவர்கள். ஆனால் மரே செய்ததை வைத்து மற்ற 8,000 பேரின் நாளில் வழக்கு நடத்த முடியாது. மயால் கிரீக் மாதிரி செய்யலாம் என்பதே என் எண்ணம். 1838-இல் குறைந்தது 28 பழங்குடியினரைக் கொன்ற இடம் அது. ஒவ்வொரு ஜூனிலும் அங்கே கொல்லப்பட்டவர்களின் வம்சமும் கொன்றவர்களின் வம்சமும் சேர்ந்து வந்து நிற்கின்றன. அந்த நிகழ்ச்சிக்கு இருக்கும் கனம், விடியல் அஞ்சலியில் ஒரு நிமிடம் ஒதுக்கிக் கொடுத்தால் வருமா?

சுதா_பெர்த்:
அங்கே வருகிறவர்கள் ஏற்கெனவே மனம் மாறியவர்கள் சார். ஷ்ரைனில் கூச்சல் போட்டவனா மயால் கிரீக் பக்கத்து ஊரான பிங்கரா வரை வண்டி ஓட்டிக்கொண்டு வரப்போகிறான்? அவன் காதில் விழ வேண்டுமென்றால் அவன் நிற்கிற இடத்தில்தான் சொல்ல வேண்டும்.

மெல்பர்ன் மணி:
அவன் காதில் விழுவதற்காக அஞ்சலி நடத்த ஆரம்பித்தால் மற்றவர்கள் எதற்காக நான்கு மணிக்கே எழுந்து வர வேண்டும்?

பாரமட்டா பாலா:
என்னை மாதிரி ஆட்களும் அந்த இருட்டில் நிற்கிறோம் அண்ணா. அந்த ஒரு நிமிடம் எங்களுக்கும் வேண்டும்.