"அம்மனுக்குக் காது கேட்காதா?" என்று தலைப்பு வைத்தது குற்றமா?

அச்சுமை:
எங்கள் ஊரில் எட்டுப் பக்க மாத இதழ் ஒன்று நடத்துகிறேன். நானும் என் தங்கையும் மட்டும்தான், 600 பிரதி. ஆடி இதழில் கூழ் ஊற்றும் விழாவின் கூம்பு ஸ்பீக்கரைப் பற்றி எழுதினேன். இரவு 10 முதல் காலை 6 வரை போடக் கூடாது என்று 2000-இல் வந்த ஒலி மாசு விதி சொல்கிறது. எங்கள் தெருவில் விடியற்காலை 4 மணிக்கே ஜன்னல் அதிர்கிறது. தலைப்புதான் மேலே இருப்பது. விழாக் குழுவிலிருந்து நாலு பேர் வந்து, மன்னிப்புக் கேட்டு அச்சிடு, இல்லாவிட்டால் 295ஏ (மதத்தை இழிவுபடுத்தும் குற்றத்துக்கான பிரிவு) வழக்கு என்கிறார்கள். நாளை மறுநாள் ஸ்டேஷனில் 'பேசித் தீர்க்க'க் கூப்பிட்டிருக்கிறார்கள். போகலாமா?

வழக்குக்கட்டு:
295ஏ பழைய எண். 2024 ஜூலை முதல், இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 299. தண்டனை அதே மூன்றாண்டு வரைதான். ஆனால் வேண்டுமென்றே, தீய நோக்கத்தோடு மதத்தை இழிவுபடுத்தியிருக்க வேண்டும். 1957-இல் ராம்ஜி லால் மோடி வழக்கில் அந்தப் பிரிவு செல்லும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னதே இந்த வரம்பைக் காட்டித்தான். அவரும் பத்திரிகைக்காரர். சத்தத்தைக் குறை என்பது இதில் வராது.

பழைய புரூஃப் ரீடர்:
சட்டம் சரி. ஆனால் கோர்ட்டில் தோற்றவர்களைவிட, இந்தப் 'பேசித் தீர்ப்ப'தில் தோற்றவர்களைத்தான் நான் அதிகம் பார்த்திருக்கிறேன். 2015 ஜனவரி 12 அன்று நாமக்கல்லில், 'மாதொருபாகன்' நாவலுக்காக எழுத்தாளர் பெருமாள்முருகனை உட்காரவைத்து இப்படித்தான் கையெழுத்து வாங்கினார்கள். மனிதர் எழுதுவதையே நிறுத்தினார். அந்த உடன்பாடு அவரைக் கட்டுப்படுத்தாது என்று சென்னை உயர் நீதிமன்றம் சொல்ல 2016 ஜூலை ஆகிவிட்டது. தனியாகப் போகாதீர்கள் தம்பி. அங்கே வைத்து எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள்.

மஞ்சள்புடவை:
நான் வருஷா வருஷம் கூழ் ஊற்றுகிறவள். அந்த ஸ்பீக்கர் எனக்கும் தலைவலிதான். ஆனால் உங்கள் கேள்வி மைக் செட்காரரிடமா, அம்மனிடமா? மசூதி ஸ்பீக்கரைப் பற்றியும் இப்படித் தலைப்பு வைப்பீர்களா?

அச்சுமை:
அக்கா, போன வருஷம் அதைப் பற்றியும் எழுதினேன். இப்போது எடுத்துப் பார்த்தேன். தலைப்பு: "அதிகாலை ஒலி: விதி என்ன சொல்கிறது?" அங்கே பயம், இங்கே நம்ம ஆத்தாதானே என்கிற உரிமையில் நக்கல். தங்கை அப்போதே வேண்டாம் என்றாள்.

கட்டுரையில் ஒரு வரியும் மாற்றமாட்டேன். தலைப்புக்காக நாலு வரி எழுதுவேன், ஸ்டேஷனில் அல்ல, அடுத்த இதழில். வக்கீல் ஒருவர் கூட வருகிறேன் என்றிருக்கிறார்.