அலுவலகம் தவறாகக் கொடுத்த சம்பளத்தை ஆசிரியரிடம் திருப்பிக் கேட்கலாமா?

கரும்பலகை:
அம்மா அரசுத் தொடக்கப் பள்ளித் தலைமையாசிரியர். ஓய்வுக்கு ஏழு மாதம் இருக்கிறது. ஓய்வூதியக் கோப்பு அனுப்பப் பணிப்பதிவேட்டைப் புரட்டிய அலுவலகத்தார், கூடுதல் படிப்புக்காக 2011இல் கொடுத்த ஊக்க ஊதிய உயர்வு செல்லாது, ரூ.2,84,000 கட்டுங்கள், இல்லையென்றால் ஓய்வின்போது மொத்தமாக வரும் பணிக்கொடையில் பிடிப்போம் என்று ஆணை அனுப்பிவிட்டார்கள். அதற்கு முன்னால் விளக்கம் கேட்டு ஒரு நோட்டீஸ்கூட வரவில்லை. பதிவேட்டில் எழுதியது, கையெழுத்துப் போட்டது, வருடா வருடம் சரிபார்த்ததாக முத்திரை குத்தியது எல்லாம் அலுவலகம். அம்மா சான்றிதழ் நகலைக் கொடுத்தார், அவ்வளவுதான். அந்தப் பணம் எப்போதோ தம்பியின் காலேஜ் ஃபீஸாகப் போய்விட்டது.

பட்டியல்மேசை:
அம்மா மேல் தப்பில்லை, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் 22 வருடம் சம்பளப் பட்டியல் போட்டவன் நான், தகுதியில்லாமல் போன பணம் கருவூலத்துக்குத் திரும்பத்தான் வேண்டும். 2012இல் சண்டி பிரசாத் உனியால் வழக்கு, உத்தராகண்ட் ஆசிரியர்கள் தொடுத்தது. இது வரி கட்டுகிறவர்களின் பணம், கொடுத்த அதிகாரிக்கும் சொந்தமில்லை, வாங்கியவருக்கும் சொந்தமில்லை என்றது உச்ச நீதிமன்றம். கூலி வேலைக்குப் போகிறவர் சோப்பு வாங்கும்போது கட்டும் வரியும் அதில் இருக்கிறது சார்.

மாலைவகுப்பு:
2012ஓடு நிறுத்தினால் எப்படி? 2014 டிசம்பரில் அதே உச்ச நீதிமன்றம் கொடுத்த ரஃபீக் மசீ தீர்ப்பு எந்தெந்த நிலையில் பிடிக்கக் கூடாது என்று தெளிவாகவே சொல்லிவிட்டது. சி, டி பிரிவு என்கிற கீழ்நிலை ஊழியர்கள், ஓய்வு பெற்றவர்கள், ஆணை வந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப் போகிறவர்கள், ஐந்து வருடத்துக்கும் மேலாகக் கூடுதல் பணம் வாங்கிக்கொண்டிருந்தவர்கள், இப்படி. ஆசிரியர் எந்தப் பிரிவு என்ற சண்டையே இங்கே வேண்டாம். ஏழு மாதத்தில் ஓய்வு, கொடுக்க ஆரம்பித்தது 2011. இரண்டும் பொருந்துகிறதே! 2022இல் கேரளத்துத் தாமஸ் டேனியல் வழக்கும் அப்படித்தான். அவரும் பள்ளி ஆசிரியர், 1999இல் தலைமையாசிரியராக ஓய்வு பெற்றவர். விதியைத் தவறாகப் புரிந்துகொண்டு அலுவலகம் கொடுத்த ஊதிய உயர்வு, அவர் பொய் சொல்லி வாங்கவில்லை, அதனால் பிடிக்கக் கூடாது என்று முடித்தார்கள். இத்தனை வருடம் கழித்து அவர் நீதிமன்றப் படி ஏற வேண்டியிருந்ததே, அதுதான் எனக்கு ஆறவில்லை.

பட்டியல்மேசை:
அதே தீர்ப்பை முழுக்கப் படியுங்கள். இது ஊழியரின் உரிமை இல்லை, கஷ்டத்தைப் பார்த்து நீதிமன்றம் காட்டும் பரிவு என்றும் அதிலேயே இருக்கிறது. அப்புறம் 2016இல் ஜக்தேவ் சிங் வழக்கு. ஊதியத் திருத்தத்தின்போது, கூடுதலாக வந்தால் திருப்பிக் கட்டுகிறேன் என்று உறுதிமொழி கொடுத்தவரிடம், அவர் ஓய்வு பெற்றிருந்தாலும் பிடிக்கலாம் என்றார்கள், இரண்டு வருடத் தவணையில். நம் ஆட்கள் எத்தனை பேர் அப்படிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள் என்று எனக்குத் தெரியும்.

மாலைவகுப்பு:
எப்படிப் போட்டார்கள் என்பதும் உங்களுக்குத் தெரியுமே? அச்சடித்த படிவம், பென்சிலில் பெருக்கல் குறி வைத்த இடத்தில் கையெழுத்து, போடாவிட்டால் புதிய சம்பளம் கிடையாது. அதை மனமறிந்து கொடுத்த வாக்கு என்று எப்படிச் சொல்வது? 40 பிள்ளைகளை வைத்துக்கொண்டு பாடம் நடத்துகிறவர் ஊதிய நிர்ணய விதியைப் படித்துப் பிழை கண்டுபிடிக்க வேண்டுமா, அதற்கென்றே சம்பளம் வாங்கும் அலுவலகம் கண்டுபிடிக்க வேண்டுமா?

கரும்பலகை:
இப்போதுதான் அம்மாவிடம் கேட்டேன். 2009 ஊதியத் திருத்தத்துக்கு விருப்பப் படிவம் கொடுத்தாராம். 2011 உயர்வுக்குத் தனியாக எதுவும் எழுதிக் கொடுத்த ஞாபகம் இல்லை. அந்தப் படிவத்தில் நீங்கள் சொல்லும் உறுதிமொழி இருந்தால் அது இதற்கும் பொருந்துமா?

பட்டியல்மேசை:
வாசகத்தைப் பார்க்காமல் சொல்ல முடியாது. 2009 திருத்தத்தால் வந்த கூடுதலுக்கு மட்டும் என்றிருந்தால் உங்கள் பக்கம் பலம். நோட்டீஸ் கொடுக்காமல் ஆணை போட்டது தப்புதான், அதற்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். பணிப்பதிவேட்டு நகலும் படிவ நகலும் கேட்டு எழுதிக் கொடுத்து ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். ஆனால் ஒன்று, பழைய பணத்தைப் பிடிக்கத் தடை கிடைத்தாலும் அந்த உயர்வே தவறு என்றால் இனி வரும் சம்பளமும் ஓய்வூதியமும் திருத்திய ஊதியத்தில்தான். அதையும் அம்மாவிடம் இப்போதே சொல்லிவிடுங்கள்.

கரும்பலகை:
சொல்லிவிட்டேன் சார். "குறைச்சுக் கொடுக்கட்டும், ஆனா நான் ஏமாத்தி வாங்கினேன்னு மட்டும் எழுத வேண்டாம்" என்கிறார். திங்கட்கிழமை கடிதம் கொடுக்கிறோம்.