அசல் டேப்பையே அழித்துவிட்டு, நிலவுக்குப் போனோம் என்றால் எப்படி நம்புவது?

மறுபக்கம்:
1969 ஜூலையில் ஆம்ஸ்ட்ராங் நிலவில் இறங்கியதைப் பதிவு செய்த அசல் டேப்புகளை அழித்து மறுபடியும் பயன்படுத்திவிட்டோம் என்று நாசாவே ஒத்துக்கொண்டது. எங்கள் வீட்டில் தாத்தா காலத்து நிலப்பத்திரமே இன்னும் டிரங்குப் பெட்டியில் பத்திரமாக இருக்கிறது. இவ்வளவு பெரிய விஷயத்தின் டேப்பை யாராவது அழிப்பார்களா? போதாததற்கு, காற்றே இல்லாத இடத்தில் கொடி வேறு ஆடுகிறது.

வேம்பு:
அழித்தது உண்மை, அதில் எனக்கும் கோபம்தான். ஆனால் போனது நிலவிலிருந்து வந்த சிக்னலை நேரடியாகப் பதிந்த டேட்டா டேப்புகள். டிவியில் ஒளிபரப்பான பதிவுகள் இருந்தன, அவற்றைச் சீர்செய்து 2009-ல் வெளியிட்டார்கள். கொடியின் மேல் ஓரத்தில் குறுக்காக ஒரு கம்பி உண்டு. கம்பத்தைத் திருகி ஊன்றும்போது துணி ஆடுகிறது, அவ்வளவுதான்.

கொடியை விடுங்கள், 1972-ல் அப்பல்லோ 16 வீரர்கள் நிலவில் வண்டி ஓட்டிய வீடியோவில் பின்சக்கரத்தைப் பாருங்கள். மண் வாரி அடிக்கிறது, வில் மாதிரி வளைந்து எழுகிறது, அப்படியே கீழே விழுந்துவிடுகிறது. நம் ஊர் மண் ரோட்டில் ஒரு பஸ் போனால் புழுதி அடங்க எவ்வளவு நேரமாகும்? அங்கே துளிகூட மிதக்கவில்லை, ஏனென்றால் தாங்கிப் பிடிக்கக் காற்று இல்லை. இதை எந்த ஸ்டூடியோவில் எடுக்க முடியும்?

மறுபக்கம்:
ஸ்லோமோஷனில் ஓட்டியிருக்கலாமே.

வேம்பு:
ஸ்லோமோஷனில் போட்டால் புழுதி மெதுவாக மிதக்கும், மிதக்காமல் போகாது.

வளர்பிறை:
நடுவில் வருகிறேன். ஆம்ஸ்ட்ராங் அங்கே இருந்த அதே நாட்களில் சோவியத்தின் ஆளில்லா விண்கலம் லூனா 15 நிலவைச் சுற்றிக்கொண்டிருந்தது, ஜூலை 21 அன்று மோதி உடைந்தது. மண்ணை எடுத்துவரும் போட்டியில் தோற்ற அந்த நாடு, அமெரிக்கா பொய் சொல்லியிருந்தால் ஊரைக் கூட்டியிருக்காதா? அப்புறம், 2021-ல் நம் சந்திரயான் 2 ஆர்பிட்டரே அப்பல்லோ 11 இறங்கிய இடத்தைப் படம் எடுத்தது. ஆம்ஸ்ட்ராங் இறங்கிய ஈகிள் கலம் விட்டுவந்த அடிப்பாகம் அதில் தெரிகிறது. இஸ்ரோ எதற்காக நாசாவுக்குப் பொய்ச்சாட்சி சொல்ல வேண்டும்?

மறுபக்கம்:
மேலிருந்து எடுத்த படத்தில் ஒரு புள்ளியைக் காட்டினால் என் சந்தேகம் தீராது. ஆனால் புழுதி விஷயத்தை நான் யோசித்ததில்லை, சரி, அந்த வீடியோவை இன்று ராத்திரி நிறுத்தி நிறுத்திப் பார்க்கிறேன். டேப்பை அழித்ததற்கு மட்டும் யார் வந்து சமாதானம் சொன்னாலும் ஏற்க மாட்டேன்.

வேம்பு:
அதை நானும் ஏற்கவில்லை. வண்டி திரும்பும் இடத்தில் நிறுத்திப் பாருங்கள், அங்கேதான் மண் அதிகமாகப் பறக்கும்.