மைக்கல் மூர் காலவரிசையை மாற்றியது ஏற்கத்தக்கதா?

கேள்வி – ஆசிரியை, கல்லடி

மட்டக்களப்பு மாவட்டத்தின் வாழைச்சேனைக் காகித ஆலை பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க எங்கள் பாடசாலை மாணவர்கள் ஆயத்தமாகிறார்கள். ஜெனரல் மோட்டர்ஸ் என்னும் கார் நிறுவனம் தன் ஆலைகளை மூடியதால் அமெரிக்காவின் பிளின்ட் நகரம் சீரழிந்ததைக் கூறும், ஆவணப்பட இயக்குநர் மைக்கல் மூரின் ‘ரோஜர் அன்ட் மீ’ (1989) படத்தை அவர்களுக்குக் காட்ட விரும்பினேன். ஆனால், 1986இல் ஆலை மூடல்கள் அறிவிக்கப்பட்ட பின்னரே நகரை மீட்பதற்காக ஆட்டோவேர்ல்ட் என்னும் கேளிக்கைப் பூங்கா அமைக்கப்பட்டதுபோன்ற எண்ணத்தை அப்படம் தருகிறது. உண்மையில் அது திறக்கப்பட்டது 1984இல். இதை மாணவர்முன் வைக்கலாமா?

பதில் – களுவாஞ்சிகுடி வாசகர்

டீச்சர், தாராளமாகக் காட்டுங்கள். ஆலைகள் மூடப்பட்டதும் குடும்பங்கள் வீடிழந்து தெருவுக்கு வந்ததும் பொய்யல்ல. 2003இல் ஒஸ்கார் மேடையில் மூர் ஈராக் போரைக் கண்டித்தபோது அவரைக் கூச்சலிட்டு எதிர்த்தார்கள். மறு ஆண்டு, புஷ் அரசைச் சாடும் அவருடைய ‘ஃபாரன்ஹைட் 9/11’ படத்தை மிராமக்ஸ் நிறுவனம் வெளியிடக்கூடாதென அதன் தாய் நிறுவனமான டிஸ்னி தடுத்தது. அதே படத்துக்குத்தான் கான் விழாவின் தங்கப்பனை விருதும் கிடைத்தது. அதிகாரத்தில் உள்ளவர்களைப் பெயர் சொல்லிக் கேள்வி கேட்பவரிடம் குறை தேடுவோர் எப்போதும் இருப்பார்கள்.

பதில் – அக்கரைப்பற்று வாசகி

அண்ணன், அவருடைய துணிச்சலை நானும் மதிக்கிறேன். ஆயினும் அவரை வெறுப்பவர்களுக்கு வாய்ப்பளித்தவர் அவரேதான். ‘பௌலிங் ஃபோர் கொலம்பைன்’ படத்தில், 1999ஆம் ஆண்டு கொலம்பைன் பாடசாலைக் கொலைகளை அடுத்து, நடிகரும் துப்பாக்கி உரிமைச் சங்கத்தின் தலைவருமான சார்ல்டன் ஹெஸ்டன் துப்பாக்கியை உயர்த்திப் பிடித்து முழங்கும் காட்சியும், அதன் தொடர்ச்சியாக, கொலம்பைனுக்கு அருகிலுள்ள டென்வரில் அவர் ஆற்றிய உரையும் வருகின்றன. அந்த முழக்கம் ஓராண்டு கழித்து வேறொரு நகரத்தில் எழுந்தது என்பதைப் பார்ப்பவர் எப்படி அறிவார்? காட்சிகள் உண்மையானவை, அவற்றை இணைத்து அவர் உணர்த்தும் காரணகாரியம் உண்மையல்ல. 1990ஆம் ஆண்டின் தமிழ்–முஸ்லிம் வன்முறையை வாழ்ந்து கடந்த நம் மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களிலும், எது முந்தி நடந்தது, எது அதற்குப் பதிலாக நடந்தது என்பதில்தான் இன்றுவரை தமிழரும் முஸ்லிம்களும் முரண்பட்டு நிற்கிறோம். ஆகவே இதைச் சிறு பிழையென்று என்னால் கடந்துபோக முடியவில்லை.

ஆசிரியை, கல்லடி

தங்கையின் கருத்தே எனக்கும் சரியாகப் படுகிறது. படத்தைக் காட்டுவேன், கூடவே நிகழ்வுகளை ஆண்டு வரிசையில் கரும்பலகையில் எழுதி, படம் எங்கே விலகுகிறதென்று மாணவர்களையே கண்டுபிடிக்கச் சொல்வேன். காகித ஆலை நலிந்ததற்கு யுத்தம் எவ்வளவு, நிர்வாகம் எவ்வளவு, இறக்குமதி எவ்வளவு காரணம் என்பதை அவர்கள் ஆராய வேண்டியிருப்பதால், ஒவ்வொரு பழைய படத்தின் கீழும் ஆண்டு இடம்பெற வேண்டும். வைக்கோலிலிருந்து காகிதம் செய்த காலத்தில் அங்கு வேலை செய்தவர்கள் யாராவது இதை வாசித்தால், தங்களிடமுள்ள புகைப்படங்களை எடுக்கப்பட்ட ஆண்டுடன் தந்துதவுமாறு கேட்டுக்கொள்கிறேன்.